பத்ரில் இல்லாதவரின் பங்கு



ரமழான் நெருங்கும்போதெல்லாம் மக்தபுகளில் பத்ருப் போரின் வரலாற்றைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறோம். அதில் ஓரிடத்தில் பிள்ளைகள் தவறாமல் கை தூக்குவார்கள். நபி (ஸல்) அவர்கள் பத்ருக்குப் புறப்பட்டபோது அவர்களுடைய மகளார் ருகைய்யா (ரலி) அவர்கள் கடும் நோயில் படுத்திருந்தார்கள். கணவர் உஸ்மான் (ரலி) அவர்களை மதீனாவிலேயே தங்கி மனைவியைக் கவனித்துக்கொள்ளுமாறு நபியவர்கள் பணித்தார்கள். வெற்றிச் செய்தியுடன் ஸைத் பின் ஹாரிஸா (ரலி) அவர்கள் ஊருக்குள் நுழைந்த நேரம், ருகைய்யா (ரலி) அவர்களின் நல்லடக்கம் நடந்துகொண்டிருந்தது. களத்தை எட்டியும் பாராத உஸ்மான் (ரலி) அவர்களுக்கு, கலந்துகொண்டவர்களுக்கு உரிய கனீமத் பங்கும் நற்கூலியும் உண்டென்று நபியவர்கள் அறிவித்தார்கள். பத்ர் ஸஹாபாக்களின் பட்டியலில் அவர்களுடைய பெயர் இன்றுவரை இருக்கிறது.

“போகவே இல்லையே, அப்புறம் எப்படிப் பங்கு?” என்பதுதான் பிள்ளைகளின் கேள்வி. நல்ல கேள்வி. பெரியவர்களாகிய நாம் இந்த நிகழ்ச்சியை உஸ்மான் (ரலி) அவர்களின் சிறப்புகளில் ஒன்றாக மட்டும் படித்துக் கடந்துவிடுகிறோம். அன்று முஸ்லிம்களிடம் இருந்த ஆட்கள் எத்தனை பேர் என்பதை நினைத்துப் பாருங்கள். முந்நூற்றுச் சொச்சம் பேர் மட்டுமே புறப்பட்ட படையில் ஒருவர் குறைவது சிறிய இழப்பன்று. ஆயினும் நோயாளியின் அருகில் ஒருவர் இருக்க வேண்டும் என்று தலைமை முடிவு செய்தது. இருந்தவரின் இடத்தையும் பங்கையும் பிறர் எடுத்துக்கொள்ளாமல் காத்தது.

நமது கொங்கு மண்டலத்தில் நோயோ பிரசவமோ வந்தால் வீட்டில் முதலில் புழங்கும் சொல் ‘விடுப்பு’ அன்று. ‘நின்னுக்கிட்டேன்’ என்பதே அது. திருப்பூர் பனியன் கம்பெனியில் செக்கிங் பார்த்த சகோதரி ஏழாம் மாதத்தில் நின்றுகொள்கிறார். கோவையில் ஜவுளிக்கடை ரசீதுப் பிரிவில் இருந்தவர், தனியார் பள்ளியில் பாடம் நடத்தியவர், மருத்துவமனையில் செவிலியராக இருந்தவர் எல்லோரும் நின்றுகொள்கிறார்கள். பிறகு பிள்ளைக்கு இரண்டு வயதாகும்போது வேறோர் இடத்தில், புதிதாகச் சேர்ந்தவரின் சம்பளத்தில், மீண்டும் முதலிலிருந்து தொடங்குகிறார்கள். ஐந்தாண்டு அனுபவம் ஒரே நாளில் கழிந்துபோனதை யாரும் இழப்பாகக் கணக்கிடுவதில்லை. ‘தக்தீர்’ என்று சொல்லி ஆறுதல் அடைகிறோம். கேட்டுப் பெற வேண்டிய ஹக்கைக் கேட்காமல் விட்டுவிட்டு அதற்குத் தக்தீரைப் பொறுப்பாக்குவது சரியா என்பதை ஆலிம்கள் குத்பாவில் சற்று விளக்கினால் நல்லது.

சட்டம் என்ன தருகிறது என்பதை முதலில் பார்ப்போம். 1961இன் மகப்பேறு நலச் சட்டம், 2017இல் திருத்தப்பட்ட பின், முதல் இரண்டு பிள்ளைகளுக்கு 26 வாரச் சம்பளத்துடன் கூடிய விடுப்பைத் தருகிறது. அதில் 8 வாரம் வரை பிரசவத்துக்கு முன்னரே எடுக்கலாம். ஏற்கெனவே இரண்டு பிள்ளைகள் இருந்தால் 12 வாரம். பத்துப் பேருக்குக் குறையாமல் வேலை செய்யும் கடைகளும் நிறுவனங்களும் இதற்குள் வரும். எதிர்பார்க்கும் பிரசவ நாளுக்கு முந்தைய 12 மாதங்களில் 80 நாள் வேலை செய்திருந்தால் போதும். கருச்சிதைவு ஏற்பட்டால் 6 வாரம் உண்டு. நம் பெண்கள் இதை வெளியே சொல்லக் கூசி, மூன்றாம் நாளே வேலைக்குப் போய்விடுகிறார்கள். பிள்ளைக்கு 15 மாதம் ஆகும்வரை, வழக்கமான இடைவேளையன்றிப் பாலூட்ட நாளைக்கு இரண்டு இடைவேளைகளும் உண்டு.

சம்பளத்தைவிட முக்கியமானது வேறொன்று. விடுப்பில் இருக்கும் பெண்ணை வேலையை விட்டு நீக்குவதும், அவருக்குப் பாதகமாக வேலை நிபந்தனைகளை மாற்றுவதும் சட்டவிரோதம். வேலையில் சேர்க்கும்போதே இந்த உரிமைகளை எழுத்தில் தெரிவிக்க வேண்டும் என்பதும் 2017இன் திருத்தத்தில் சேர்ந்தது. அப்படியொரு தாளைக் கையில் வாங்கிய பெண் எவரையும் எங்கள் மஹல்லாவில் நாங்கள் இதுவரை சந்திக்கவில்லை. 2025 நவம்பர் 21 முதல் இந்தச் சட்டம் சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டத்துக்குள் வந்துவிட்டது; 26 வாரக் கணக்கு மாறவில்லை.

அரசு ஊழியரின் நிலை வேறு. தமிழ்நாட்டு அரசு ஊழியர்களுக்கு 2021 ஜூலை முதல் மகப்பேறு விடுப்பு 12 மாதம். அங்கும் கேட்டவுடன் கிடைத்துவிடுவதில்லை என்பதற்குத் தருமபுரி மாவட்ட ஆசிரியை உமாதேவியின் வழக்கே சான்று. முதல் மணவாழ்வில் பிறந்த இரு பிள்ளைகளும் முன்னாள் கணவரிடம் வளர, மறுமணத்தில் பிறக்கவிருந்த பிள்ளைக்காக அவர் விடுப்புக் கேட்டார். ‘இது மூன்றாவது பிள்ளை’ என்று மறுத்தார்கள். சென்னை உயர் நீதிமன்றத்தில் ஒரு நீதிபதி விடுப்புத் தரச் சொன்னார். இருவர் அமர்வு அதை மாற்றியது. கடைசியில் 2025 மே 23 அன்று உச்ச நீதிமன்றம், மகப்பேறு விடுப்பு பெண்ணின் உரிமைகளோடு இணைந்தது என்று கூறி அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. விடுப்புக் கேட்ட காலம் 2021 ஆகஸ்டில் தொடங்கியது. தீர்ப்பு வந்தபோது அந்தப் பிள்ளைக்கு மூன்று வயது கடந்திருக்கும்.

தனியாரிடம் வேலை செய்வோர் இன்னொன்றையும் அறிந்துகொள்வது நல்லது. 26 வாரச் சம்பளத்தை யார் கொடுப்பது? மகப்பேறு நலச் சட்டத்தின்படி முழுச் சுமையும் முதலாளியின் தலையில். இளம்பெண்களை வேலைக்கு எடுக்கவே சிலர் தயங்குவது இதனால்தான். ஆனால் மாதச் சம்பளம் 21,000 ரூபாய்க்கு மிகாதவர்கள் இ.எஸ்.ஐ.க்குள் வந்தால், அந்தச் சம்பளத்தை இ.எஸ்.ஐ. கழகமே கொடுத்துவிடுகிறது. 15,000 ரூபாய் சம்பளத்தில் தொழிலாளி கட்டுவது 112 ரூபாய் 50 காசு. முதலாளி கட்டுவது 487 ரூபாய் 50 காசு. மாதம் ஐந்நூறு ரூபாயை மிச்சம் பிடிக்க ஆட்களை ரெஜிஸ்டரில் சேர்க்காமல், கான்ட்ராக்டர் கணக்கில் வைத்துக்கொள்ளும் சிறு முதலாளி, தன் சுமையையும் தானே கூட்டிக்கொள்கிறார். இதை அவர்களிடம் பொறுமையாக எடுத்துச் சொன்னபோது சிலர் வியப்புடன் கேட்டுக்கொண்டார்கள். எல்லோரும் கெட்ட எண்ணத்தில் செய்வதில்லை.

இ.எஸ்.ஐ. என்றால் நமக்குச் சிங்காநல்லூர் மருத்துவமனையும் மாத்திரை வாங்கும் வரிசையும்தான் நினைவுக்கு வருகின்றன. தமிழகத்தில் இத்திட்டம் 1955இல் தொடங்கியதே கோவையில்தான். ஆலைத் தொழிலாளர் மிகுந்த ஊர் என்பது எளிதில் விளங்கும் காரணம். மருந்தோடு அது தருவது நோய்க்கால உதவித்தொகை. மருத்துவர் சான்றளித்தால் ஆண்டுக்கு 91 நாள் வரை சம்பளத்தில் 70 விழுக்காடு கிடைக்கும். காசநோய், புற்றுநோய் போன்ற நீண்ட நோய்களுக்கு 80 விழுக்காடு, இரண்டாண்டு வரையிலும்கூட. அந்த உதவித்தொகையைப் பெறும் காலத்தில் தொழிலாளியை வேலையிலிருந்து நீக்கக் கூடாது என்ற பாதுகாப்பும் அதே சட்டத்தில் இருக்கிறது. ஆறுமாதச் சந்தாக் காலத்தில் 78 நாளுக்குச் சந்தா கட்டப்பட்டிருக்க வேண்டும் என்பது நிபந்தனை. ஆகவே சம்பளச் சீட்டில் பிடித்தம் காட்டுகிறார்களா, பிடித்ததைக் கட்டுகிறார்களா என்று மாதம் ஒருமுறை பார்த்துக்கொள்வது வீட்டுக் கடமை.

இவை அனைத்தும் தன் உடம்புக்கு வந்ததற்கு. தாய்க்கு வந்தால்?

எங்கள் வீட்டில் இது நடந்தது. அம்மா குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்தது. அறுவை சிகிச்சைக்குப் பின் மூன்று மாதம் படுக்கை. தூக்கி உட்காரவைக்கவும், திருப்பிப் படுக்கவைக்கவும் பலமுள்ள ஆள் வேண்டும். எங்கள் தம்பி பம்ப்செட் தொழிற்சாலை ஒன்றில் பதினோராண்டு வேலை செய்தவர். பம்ப்பின் ஓசையைக் கேட்டே எங்கே கோளாறு என்று சொல்லிவிடுவார். சேர்ந்திருந்த ஈட்டிய விடுப்பு பதினெட்டு நாளில் தீர்ந்தது. பிறகு பத்து நாள் சம்பளமின்றி. அதன் பிறகு மேற்பார்வையாளர் கூப்பிட்டு, “தம்பி, நாங்க ஆள் வைக்காம எத்தன நாள் ஓட்டறது? நீ அம்மாவப் பாத்துக்கோ, அப்புறமா வா” என்று அன்பாகத்தான் சொல்லியிருக்கிறார். நான்கு மாதம் கழித்துப் போனபோது அவருடைய இடத்தில் வேறொருவர் இருந்தார். இப்போது வேறொரு பட்டறையில் இருக்கிறார். முன்பு வாங்கியதைவிட நான்காயிரம் குறைவு.

அம்மா நடக்கத் தொடங்கிய பின்பும் நெடுநாள், “என்னால உன் பொழப்பு போச்சே” என்று சொல்லிக்கொண்டிருந்தார். தாய்க்குப் பணிவிடை செய்வது மகனுக்குச் சொர்க்கத்தின் வாசல் என்று நாங்கள் ஊருக்குப் பாடம் சொல்கிறோம். எங்கள் தாயோ அந்தப் பணிவிடையைத் தான் பிள்ளைக்குச் செய்த தீங்காக நினைத்து அழுதார். இது எந்தக் கிதாபிலும் நாங்கள் படிக்காத பாடம்.

சட்டத்தைத் தேடிப் பார்த்தோம். இ.எஸ்.ஐ.யில் தொழிலாளியைச் சார்ந்த தாய் தந்தையருக்கும் மருத்துவம் உண்டு. மருந்து தாய்க்கு உண்டு. அருகில் இருக்க மகனுக்கு விடுப்பு இல்லை. தனியார் ஊழியர் ஒருவர் பெற்றோரையோ மனைவியையோ கவனிக்க, வேலை பறிபோகாமல் நீண்ட விடுப்பு எடுக்க நம் நாட்டில் சட்டம் இல்லை. பிள்ளை பிறந்த தந்தைக்கும் இல்லை. மத்திய அரசு ஊழியருக்கு 15 நாள் உண்டு. அமெரிக்காவில் 1993இல் ஒரு சட்டம் செய்தார்கள். 50 பேருக்குக் குறையாத நிறுவனத்தில் ஓராண்டு வேலை செய்தவர், தன் நோய்க்கோ, பிள்ளைப் பிறப்புக்கோ, பெற்றோர், வாழ்க்கைத்துணை, பிள்ளை ஆகியோரின் கடும் நோய்க்கோ ஆண்டில் 12 வாரம் விடுப்பு எடுக்கலாம். சம்பளம் கிடையாது. ஆனால் திரும்பி வந்தால் அதே வேலையோ அதற்கு நிகரான வேலையோ தந்தாக வேண்டும். (மாமனார், மாமியார் அந்தப் பட்டியலில் இல்லை. நம் வீட்டு மருமகள்களிடம் இதைச் சொன்னால் என்ன சொல்வார்களோ!) சம்பளமில்லாத அந்த விடுப்பு இங்கே இருந்திருந்தால்கூட எங்கள் தம்பிக்குப் போதுமாயிருந்திருக்கும்.

போருக்குச் செல்ல அனுமதி கேட்டு வந்த ஒருவரிடம், பெற்றோர் உயிருடன் இருக்கிறார்களா என்று கேட்டு, அவர்களிடத்திலேயே பாடுபடுமாறு திருப்பியனுப்பிய நபிமொழியை நாம் அறிவோம். அதைக் கேட்கும்போது மகனின் கடமையைத்தான் பார்க்கிறோம். திருப்பி அனுப்பியவர் படையை நடத்தியவர் என்பதையும் பார்க்க வேண்டாமா? நம்மில் எத்தனையோ பேர் இன்று பத்துப் பேரை, இருபது பேரை வைத்து வேலை வாங்குகிறோம். ஒப்பணக்கார வீதியிலும் டவுன்ஹாலைச் சுற்றியும் உக்கடத்திலும் கரும்புக்கடையிலும் நம்மவர் கடைகள் எத்தனை! செருப்புக்கடை, ஜவுளிக்கடை, பிரியாணிக்கடை, பழைய இரும்புக்கடை. தமிழ்நாடு கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டம் 1947இலேயே வந்தது. கடை ஊழியருக்கு நோய்க்கென ஆண்டுக்கு 12 நாள், தக்க காரணத்துக்குத் தற்செயல் விடுப்பு 12 நாள், ஓராண்டு முடித்தவருக்கு மேலும் 12 நாள் என மூன்றும் சம்பளத்துடன் தரச் சொல்கிறது. கூட்டினால் 36 நாள். தாயை மருத்துவமனையில் வைத்துப் பார்க்க இது பெரும்பாலும் போதும். வியர்வை உலரும் முன் கூலி கொடுக்கும் ஹதீஸைக் கடைச் சுவரில் மாட்டியிருக்கும் முதலாளிகள் இந்த 36 நாளையும் அதன் கீழே எழுதி மாட்டலாம். ஐவேளைத் தொழுகைக்குக் கடையை விட்டுப் போக விடுகிறார்கள், அல்ஹம்துலில்லாஹ். அதே மனம் இதற்கும் வர வேண்டும்.

இத்தாவைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். சென்ற ஆண்டு கணவரை இழந்த ஒரு சகோதரி, இரண்டு பிள்ளைகளுடன், திருப்பூர் வண்டி பிடித்துப் பேக்கிங் வேலைக்குப் போய்வருபவர், இத்தாவில் வேலைக்குப் போகலாமா என்று எங்களிடம் கேட்டனுப்பினார். ஹனஃபி மத்ஹபின் தீர்வு தெளிவானது. கணவரை இழந்தவருக்கு ஜீவனாம்சம் தரக் கடமைப்பட்டவர் யாரும் இல்லாததால், பிழைப்புக்காகப் பகலில் வெளியே செல்லலாம்; இரவு தன் வீட்டில் தங்க வேண்டும். அதைச் சொல்லியனுப்பினோம். மறுநாள் அவருடைய அண்ணன் வந்தார். “போலாம்னு சொன்னீங்க ஹஜ்ரத், சரி. போகாம இருக்கறதுக்கு வழி இருக்கான்னு தங்கச்சி கேக்குதுங்க” என்றார். அவர் கேட்டது மஸ்அலா அன்று. நான்கு மாதம் பத்து நாள் வீட்டில் இருந்தால் அந்த வேலை இருக்குமா என்பதே.

சவூதி அரேபியாவின் தொழிலாளர் சட்டம் கணவரை இழந்த முஸ்லிம் பெண்ணுக்கு முழுச் சம்பளத்துடன் நான்கு மாதம் பத்து நாளுக்குக் குறையாத விடுப்பைத் தருகிறது. ஓமனில் 2023இன் புதிய சட்டம் 130 நாள் தருகிறது. நம் நாட்டில் தனியார் வேலையில் இருக்கும் பெண்ணுக்கு அப்படியொன்று இல்லை. அந்தச் சகோதரி பத்தாம் நாள் வேலைக்குப் போனார். மஹல்லா பைத்துல்மாலிலிருந்து இரண்டு மாத வாடகை கொடுத்தார்கள். எத்தனை மஹல்லாக்களில் அதுவும் கிடைக்கும் என்று நினைத்துப் பார்க்கிறோம்.

வெளியாரின் கடை, வெளியாரின் ஆலை என்று பேசிக்கொண்டிருக்கும்போதே எங்கள் மதரஸாவின் வாசலிலும் இந்தக் கேள்வி வந்து நின்றது. பெண்பிள்ளைகளுக்குக் குர்ஆன் ஓதிக்கொடுக்கும் ஆலிமா ஒருவர், மாதம் ஏழாயிரம் சம்பளம், ஆறாண்டாக இருப்பவர், ஐந்தாம் மாதத்தில் நிர்வாகக் குழுவுக்கு ஒரு கடிதம் எழுதினார். நின்றுகொள்கிறேன் என்று எழுதவில்லை. மூன்று மாதம் விடுப்பு வேண்டும், ஷவ்வாலில் திரும்பி வருகிறேன் என்று எழுதியிருந்தார். எங்கள் மதரஸாவில் வேலை செய்வோர் மொத்தம் ஆறு பேர். சட்டம் எங்களைத் தொடாது. உலமாக்கள் மற்றும் பணியாளர்கள் நல வாரியம் உறுப்பினருக்கு உதவித்தொகை தரும். டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி திட்டத்தில் ஏழைத் தாய்மாருக்கு அரசு 18,000 ரூபாய் மதிப்பில் உதவுகிறது. இரண்டும் நல்லவை. வேலை இடத்தை இரண்டுமே காத்துவைக்காது.

இஷாவுக்குப் பின் குழு கூடியது. பொருளாளர் நல்ல மனிதர். ஒரு ரூபாய் கணக்குத் தவறாதவர். “சந்தாவுல ஓடற மதரஸாங்க இது. வேலைக்கு வராதவங்களுக்குச் சம்பளம் குடுத்தோம்னா சந்தா குடுக்கறவங்களுக்கு என்ன பதில் சொல்றதுங்க? இது அமானிதம் அல்லவா?” என்று கேட்டார். ரமழான் விடுமுறைக்குள் பிரசவம் ஆகிவிட்டால் தொல்லையில்லை என்று ஒருவர் சொல்லிச் சிரித்தார். வேறு யாரும் சிரிக்கவில்லை. பொருளாளரின் கேள்விக்குப் பதில் இருந்தது. கனீமத்தும் அமானிதம்தான், அதிலிருந்துதான் களத்துக்கு வராத ஒருவருக்கு முழுப் பங்கு ஒதுக்கப்பட்டது. அதைச் சொன்னோம். “அது நபியவர்களின் தனி அதிகாரம், நமக்கு அளவுகோல் ஆகாது” என்று முத்தவல்லி மறுத்தார். மறுப்பில் நியாயம் இல்லாமலில்லை. ஃபிக்ஹில் அதைப் பற்றிப் பேச இடமுண்டு. அவ்வாறே வைத்துக்கொள்வோம், கணக்கைப் பார்ப்போம் என்றோம். முதல் மாதம் முழுச் சம்பளம், மற்ற இரண்டும் பாதி என்றால் கூடுதல் செலவு 14,000 ரூபாய். சென்ற ஆண்டு நிறைவு விழாவின் பந்தலுக்கும் ஒலிபெருக்கிக்கும் அதைவிட அதிகம் ஆகியிருந்தது. பொருளாளரே பேரேட்டைப் புரட்டி அதைப் படித்துக் காட்டினார்.

அன்றிரவு பதினொரு மணிக்குத் தீர்மானப் புத்தகத்தில் எழுதினார்கள். பிரசவத்துக்கு மூன்று மாதம், சம்பளம் மேற்சொன்னபடி. பெற்றோரோ வாழ்க்கைத்துணையோ கடும் நோயுற்றால் ஆண், பெண் உஸ்தாதுகளுக்கு ஆண்டில் 15 நாள் சம்பளத்துடன், மேலும் இரண்டு மாதம் சம்பளமின்றி. அந்தக் காலத்தில் வருபவர் தற்காலிகம் என்று அவரிடம் முன்பே சொல்லி எழுதி வாங்க வேண்டும். இத்தா விடுப்பைப் பற்றி இரண்டு கருத்து இருந்ததால் அடுத்த கூட்டத்துக்கு ஒத்திவைக்கப்பட்டது. அந்தக் கூட்டம் முஹர்ரமில்.

ஆலிமா ஷவ்வாலில் திரும்பி வந்தார். அவருக்குப் பதிலாக மூன்று மாதம் ஓதிக்கொடுத்த மூத்த மாணவி இப்போது மாலை வகுப்பைப் பார்த்துக்கொள்கிறார். பின்னறையில் சேலைத் தொட்டில் கட்ட ஒரு கொக்கி வேண்டும் என்று கேட்டபோது, பொருளாளர் தம் கடையிலிருந்தே கொண்டுவந்து அடித்துக் கொடுத்தார்.